ஸ்பானிய மெலோடிராமா: கண்ணீரைப் படிக்கும் முறை

அழவைக்கும் படத்துக்கு ஸ்பெயினில் 'த்ரமோன்' என்று ஒரு கேலிப் பெயர் உண்டு. பெருத்த டிராமா என்று வைத்துக்கொள்ளலாம். முடிவில்லாமல் இழுக்கும் டிவி தொடருக்குப் பெயர் 'குலெப்ரோன்', அதாவது பெரும்பாம்பு. இப்படிக் கேலி செய்த அதே ஜனங்கள்தான் 1957-இல் ஒரு பாடகியின் வாழ்ந்து கெட்ட கதையை மாட்ரிட்டின் ஒரே தியேட்டரில் கிட்டத்தட்ட ஒரு வருஷம் ஓட்டினார்கள்.

அழுகை அதிகம், இசை அதிகம், தற்செயல் அதிகம் என்று இந்தப் படங்களைத் தள்ளிவிடுவது சுலபம். ஆனால் 1939 முதல் 1975 வரை, சர்வாதிகாரி ஃபிராங்கோவின் ஆட்சியில், கள்ளக்காதலைப் பற்றியோ பிரிய நினைக்கும் மனைவியைப் பற்றியோ உள்நாட்டுப் போரில் தோற்றவர்களின் துக்கத்தைப் பற்றியோ ஒரு பாத்திரம் வாய்விட்டுப் பேச முடியாது. வசனத்தில் இடமில்லாதவை பாட்டுக்குள்ளும் முகத்துக்குள்ளும் பொருட்களுக்குள்ளும் புகுந்தன. ஆகவே மிகை எங்கே வழிகிறதோ அங்கே நிறுத்தி, எது சொல்லப்படாமல் இருக்கிறது என்று கேட்பதுதான் இந்தப் படங்களைப் பார்க்கும் முறை. அதைச் செய்யும் வழி கீழே.

எந்தப் படங்கள், எந்த வரிசையில்

ஏழு படங்கள் போதும். காலவரிசைப்படி தொடங்க வேண்டாம். 1948-இன் அட்டை அரண்மனைகளையும் மேடை உச்சரிப்பையும் முதலில் பார்த்தவர்கள் பெரும்பாலும் இரண்டாவது படத்துக்கு வருவதில்லை.

முதலில் பெத்ரோ அல்மோதோவாரின் 'தோதோ சோப்ரே மி மாத்ரே' (என் அம்மாவைப் பற்றி எல்லாம், 1999). கருவிகள் எல்லாம் அதில் கண்ணுக்குத் தெரியும்படி வைக்கப்பட்டிருக்கின்றன. பிறகு பின்னால் போங்கள்: ஹுவான் தெ ஒர்துன்யாவின் 'லொகூரா தெ அமோர்' (காதல் பித்து, 1948), ஹுவான் அந்தோனியோ பார்தெமின் 'முவெர்த்தே தெ உன் சிக்லிஸ்தா' (ஒரு சைக்கிள்காரரின் மரணம், 1955), மறுபடி ஒர்துன்யாவின் 'எல் உல்திமோ குப்ளே' (கடைசிக் குப்ளே, 1957), மிகேல் பிக்காசோவின் 'லா தியா தூலா' (தூலா சித்தி, 1964). அங்கிருந்து அல்மோதோவாரின் 'தகோனெஸ் லெஹானோஸ்' (தொலைவில் குதிகால் ஒலி, 1991). கடைசியாக இசியார் போயாயினின் 'தெ தோய் மிஸ் ஓஹோஸ்' (என் கண்களை உனக்குத் தருகிறேன், 2003). வாரத்துக்கு ஒன்று என்றால் இரண்டு மாதத்துக்குள் முடிந்துவிடும்.

பழைய படங்களுக்கு நல்ல பிரதியும் சப்டைட்டிலும் கிடைப்பதில்தான் சிக்கல். மங்கிய பிரதியானாலும் ஸ்பானிய ஒலித்தடம் உள்ளதையே எடுங்கள். வேற்றுமொழி டப்பிங் இந்த வகைப் படத்தைக் கொன்றுவிடும், ஏனென்றால் பாதிக் கதை குரலில் இருக்கிறது. ஒன்றை மனதில் கொள்ள வேண்டும்: அக்கால ஸ்பானியப் படங்களிலும் குரல் பல சமயம் பின்னால் சேர்த்ததே. பார்தெமின் நாயகி லூசியா போசே இத்தாலியர். நீங்கள் கேட்கும் குரல் அவருடையது இல்லை.

நோட்டின் முதல் பக்கம்: தேதிகள்

படத்தைப் போடுவதற்கு முன் இந்தத் தேதிகளை எழுதி வையுங்கள். 1941 ஏப்ரல்: வெளிநாட்டுப் படங்கள் ஸ்பானியத்தில் டப் செய்யப்பட வேண்டும் என்று உத்தரவு. 1975 மே: மனைவி பல சட்டக் காரியங்களுக்குக் கணவனின் அனுமதி பெற வேண்டும் என்ற விதி நீக்கம். 1975 நவம்பர் 20: ஃபிராங்கோ மரணம். 1977 நவம்பர்: திரைப்படத் தணிக்கை ஒழிப்பு. 1978: கள்ள உறவு குற்றப் பட்டியலிலிருந்து நீக்கம். 1981: விவாகரத்துச் சட்டம். 2004 டிசம்பர்: பெண்கள் மீது துணைவர்கள் செய்யும் வன்முறைக்கு எதிரான சட்டம்.

இந்தப் பக்கம் இல்லாமல் பார்த்தால், 'இவள் ஏன் வீட்டை விட்டுப் போகவில்லை' என்ற கேள்வி நொடிக்கொரு தரம் வரும். 1955-இல் ஒரு மனைவிக்குப் போவதற்கு வழியில்லை. கள்ள உறவு வைத்தால் சிறை உண்டு. அழுகையின் அளவை அந்தக் கதவின் கனத்தோடு ஒப்பிட்டுத்தான் அதிகமா குறைவா என்று சொல்ல முடியும்.

டப்பிங் உத்தரவு தணிக்கைக்கு எப்படிக் கைகொடுத்தது என்பதற்கு ஓர் உதாரணம் போதும். 'மொகாம்போ' என்ற 1953-ஆம் ஆண்டு ஹாலிவுட் படத்தில் ஒரு கணவனும் மனைவியும் வருகிறார்கள். மனைவிக்கு வேறொருவன் மேல் ஆசை. கள்ளக்காதலை மறைக்க, ஸ்பானிய டப்பிங்கில் தம்பதியை அண்ணன் தங்கையாக்கிவிட்டார்கள். திரையில் அவர்கள் நடந்துகொள்வதோ தம்பதி போலவே. சிறிய பாவத்தை மறைக்கப் போய்ப் பெரியதை வரவழைத்த கதை.

பார்க்கும் முறை

முதல் தடவை நிறுத்தாமல் பாருங்கள். அழுகை வந்தால் அழுங்கள். அதை அடக்கிக்கொண்டு குறிப்பெடுப்பவருக்கு எந்த இடத்தில் படம் வேலை செய்தது என்றே தெரியாமல் போகும். முடிந்த உடனே, அதிகம் தாக்கிய மூன்று இடங்களையும் சிரிப்பு வந்த ஓர் இடத்தையும் எழுதுங்கள். சிரிப்பு வந்த இடம் முக்கியம். உங்கள் காலத்துக்கும் படத்தின் காலத்துக்கும் நடுவே தையல் விட்டுப்போன இடம் அதுதான்.

இரண்டாம் தடவை அந்த நான்கு இடங்களை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், ஒவ்வொன்றும் மூன்று முதல் ஐந்து நிமிஷம். முதலில் ஒலியை அணைத்துப் பாருங்கள். பிறகு திரைக்கு முதுகு காட்டி ஒலியை மட்டும் கேளுங்கள். கடைசியில் இரண்டையும் சேர்த்து. நோட்டில் ஐந்து பத்திகள்: நேரம், யார் பேசுகிறார், யார் பார்க்கிறார் அல்லது ஒட்டுக் கேட்கிறார், என்ன ஒலி அல்லது பாட்டு, எந்தப் பொருள் அல்லது நிறம் கண்ணை இழுக்கிறது. மூன்றாவது பத்தியைப் பலர் காலியாக விட்டுவிடுகிறார்கள். மெலோடிராமாவில் ரகசியம் வெளிவருவது பேசுபவரைவிடக் கேட்டுக்கொண்டிருப்பவரின் முகத்தில்தான்.

ஒத்திகைக்கு 'தோதோ சோப்ரே மி மாத்ரே'யின் முதல் இருபது நிமிஷத்தை எடுங்கள். மனுவேலா மருத்துவமனையில் உறுப்பு தானத்தை ஒருங்கிணைக்கும் நர்ஸ். பயிற்சி வகுப்புக்காக, கணவனை இழந்த பெண்ணாக நடிக்கிறாள். இரண்டு மருத்துவர்கள் அவளுக்குச் செய்தி சொல்லிச் சம்மதம் கேட்பது போல ஒத்திகை. மகன் எஸ்தெபான் அதைப் பார்த்துக் குறிப்பெடுக்கிறான். பதினேழாம் பிறந்தநாளில் அவன் கார் மோதி இறக்கிறான். அதே மாதிரி இரண்டு மருத்துவர்கள். ஒத்திகைக் காட்சியையும் உண்மைக் காட்சியையும் அடுத்தடுத்து ஓட்டுங்கள். முதலாவதில் வார்த்தை இருக்கிறது, வலி இல்லை. இரண்டாவதில், வழக்கமாகச் சொல்லப்படும் வார்த்தைகள் அவளுக்கு மனப்பாடம் என்பதாலேயே மருத்துவர் முடிக்கும் முன் அவளுக்கு எல்லாம் தெரிந்துவிடுகிறது. நடிப்பு முதலில், உணர்வு பிறகு. உண்மை உணர்வுக்கு நடிப்பு எதிரி என்று நம்புகிறவர்களுக்கு இந்தப் படம் கதவைத் திறக்காது.

விபத்துக் காட்சியையும் விடாதீர்கள். மழையில் அம்மா ஓடி வருவதைத் தரையில் கிடக்கும் மகனின் இடத்திலிருந்து கேமரா பார்க்கிறது. இறப்பவனின் கண் நம்முடையதாகிறது. இதில் நேரம், பார்ப்பவர் என்ற இரண்டு பத்திகளை நிரப்பினாலே காட்சி எப்படிக் கட்டப்பட்டது என்று விளங்கும்.

பாட்டு

மெலோடிராமா என்ற சொல்லிலேயே இசை இருக்கிறது. 'மெலோஸ்' என்ற கிரேக்கச் சொல்லுக்குப் பாட்டு என்று பொருள். ஸ்பெயினில் இது வெறும் சொல்லாராய்ச்சி இல்லை. வசனத்தில் வர முடியாத வைப்பாட்டியும் விலைமகளும் மணமாகாத தாயும் 'கோப்லா' என்ற பாட்டு வகையில் தாராளமாக வந்தார்கள். கொஞ்சும் ஆர்கெஸ்ட்ரா, மூன்று நிமிஷம், முழுக்கதை. தணிக்கைக்கு அங்கேயும் ஒரு கண் இருந்தது. 'ஓஹோஸ் வெர்தெஸ்' என்ற பாட்டில் ஒரு பெண் விலைமாதர் விடுதியின் வாசலில் சாய்ந்து நிற்கிறாள். அனுமதிக்கப்பட்ட வடிவத்தில் அது 'என் வீட்டு வாசல்' ஆகிவிட்டது. எதுகை கெடவில்லை. கேட்டவர்களுக்கு எந்த வாசல் என்று தெரியாமலும் இல்லை.

இங்கேதான் சப்டைட்டில் கைவிடும். பல பிரதிகளில் பாட்டு வந்ததும் மொழிபெயர்ப்பு நின்றுவிடும். தமிழில் பாட்டோடு படம் பார்த்துப் பழகியவர்களுக்குப் பாட்டு வரிதான் அடுத்த காட்சிக்குச் சாவி என்று சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் வரி புரியாதபோது அவர்களும் இசையை மட்டும் ரசித்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். படத்தின் டைட்டிலில் பாட்டின் பெயரைக் குறித்துக்கொண்டு, வரிகளைத் தனியே தேடி, பொருளைப் படித்துவிட்டு அந்தக் காட்சிக்கு மறுபடி வாருங்கள். ஒரு பாட்டுக்கு அரை மணி நேரம் செலவாகும், குறைக்காதீர்கள்.

'எல் உல்திமோ குப்ளே'யில் இதைச் செய்து பாருங்கள். குப்ளே என்பது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்து மேடைப்பாட்டு. சாரா மோன்தியேல் நடிக்கும் மரியா லுஹான் தன் கதையைத் திரும்பிப் பார்க்கிறாள். அவள் பாடும் 'எல் ரெலிக்காரியோ' காளைப் போரில் காதலனை இழந்தவளின் பாட்டு. அவள் நேசிக்கும் இளைஞனும் காளைப் போர் களத்தில் சாகிறான். கடைசியில் மேடையில் பாடி முடித்து அவளும் சாகிறாள். பாட்டு கதைக்கு முன்னாலேயே போய்க் காத்திருக்கிறது. மோன்தியேலின் குரலைக் கவனியுங்கள்: உச்சத்துக்குத் தாவாமல், தாழ்ந்து, மூச்சோடு, இழுத்துப் பாடுகிறார். புகைபிடித்தபடி காதலனுக்குக் காத்திருக்கும் 'ஃபுமாந்தோ எஸ்பேரோ'வைக் கேட்டால், தணிக்கையாளர் காகிதத்தில் வரியை வெட்ட முடியும், குரலை எப்படி வெட்டுவார் என்ற கேள்வி வரும்.

பார்தெமின் படத்தில் பாட்டு எதிர்வேலை செய்கிறது. கள்ளக்காதலர்களைப் பிளாக்மெயில் செய்பவன் ஒரு விருந்தில் நாயகியுடைய கணவனின் காதில் ஏதோ சொல்கிறான். ஃபிளமெங்கோ பாட்டும் கைத்தட்டலும் அதை மூழ்கடிக்கின்றன. காதலர்கள் இருவரும் தூரத்திலிருந்து உதட்டசைவை மட்டும் பார்க்கிறார்கள், நாமும் அப்படியே. முதுகு திருப்பிக் கேட்கும் பயிற்சிக்கு இதைவிட நல்ல காட்சி கிடையாது: ஒலியை மட்டும் கேட்டால் அது கொண்டாட்டம்.

இனி 'தகோனெஸ் லெஹானோஸ்'. பாடகி பெக்கி பல வருஷம் கழித்து மாட்ரிட்டில் மேடையேறுகிறாள். மகள் ரெபேக்கா சிறையில். பெக்கி மண்டியிட்டு மேடையை முத்தமிடுகிறாள். பலகையில் லிப்ஸ்டிக் தடம். 'பியென்சா என் மி' என்ற பழைய மெக்சிகோ போலெரோ. நடிகை மரீசா பரேதெஸ், குரல் லூஸ் கசால். ஒரு கண்ணீர்த்துளி அந்தத் தடத்தின் மேல் விழுகிறது. பாட்டு ரேடியோ வழியாகச் சிறையில் மகளுக்கும் கேட்கிறது. ஐந்து பத்திகளும் நிரம்பும் காட்சி இது. இரவல் குரல், இரவல் பாட்டு, தடமாக மிஞ்சிய வாய். ஆனாலும் அம்மா மகளிடம் நேரே சொல்ல முடியாமல் போனதை அதுதான் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. (இதே படத்தில் பெக்கியைப் போல வேடமிட்டு ஆடிப் பாடும் லெதாலாக வரும் மிகேல் போசே, பார்தெமின் நாயகி லூசியா போசேயின் மகன். ஸ்பானிய சினிமாவில் இப்படி ஒரு வீட்டுக்குள்ளேயே நூல் ஓடும்.)

அல்மோதோவார் இந்தக் கடனை மறைப்பவர் அல்ல. 'லா மாலா எதுகாசியோன்' (2004) படத்தில் பள்ளிச் சிறுவர்கள் தியேட்டரில் பார்ப்பது சாரா மோன்தியேலை. மேடையில் வேடமிட்டவர் வாயசைப்பதும் மோன்தியேலின் குரலுக்கே. அவரை ஹாலிவுட் மெலோடிராமாவின் வாரிசு என்று மட்டும் எழுதுவது பரவலான தவறு. அமெரிக்கப் படங்களின் நிறமும் கண்ணாடிகளும் அவரிடம் உண்டு, சந்தேகமில்லை. ஆனால் தொண்டை ஸ்பெயினுடையது.

ஒரே நடிகை, பதினாறு வருஷம்

'லொகூரா தெ அமோர்' வலென்சியாவில் 1932-இல் தொடங்கிய சிஃபேசா கம்பெனியின் படம். அரசி ஹுவானா தன் கணவன் ஃபெலிப்பே மேல் கொண்ட பொறாமையில் பித்தாகிறாள். அவ்ரோரா பவ்திஸ்தா கத்துகிறார், விழுகிறார், தவழ்கிறார். இங்கே கேட்க வேண்டியது: ஒரு பெண்ணின் உடல் ஆசையை 1948-இல் இவ்வளவு வெளிப்படையாக எப்படிக் காட்ட முடிந்தது? மூன்று போர்வைகள். அது சரித்திரம், ஆசை தாலி கட்டிய கணவன் மேல், அவளோ பைத்தியம். ஒன்று குறைந்திருந்தாலும் படம் வந்திருக்காது.

'லா தியா தூலா'வின் முறை வரும்போது இந்தப் படத்தை இன்னொரு தடவை ஓட்டிவிட்டு, அதே நடிகையை அதில் மறுநாளே பாருங்கள், இடைவெளி விடாதீர்கள். இறந்துபோன சகோதரியின் கணவனையும் இரண்டு குழந்தைகளையும் வீட்டில் வைத்துப் பராமரிக்கும் கன்னிப்பெண். கத்தலே இல்லை. கதவுகள் சாத்தப்படுகின்றன, துணி மடிக்கப்படுகிறது, காய்ச்சலில் கிடக்கும் ஆணைத் தொட வேண்டியிருக்கிறது. பவ்திஸ்தாவின் பழைய கூச்சலை நினைவில் வைத்திருந்த பார்வையாளர்களுக்கு இந்த மௌனம் இரண்டு மடங்கு கனத்திருக்கும். பெண்களின் மத தியான வகுப்புக் காட்சியைத் தணிக்கை வெட்டியது. கடைசிக் காட்சி ரயில் நிலையத்தில்: ஆள் வேறொருத்தியை மணந்து குழந்தைகளோடு போகிறான்.

முடிவைச் சந்தேகியுங்கள்

ஃபிராங்கோ காலப் படங்களின் கடைசிப் பத்து நிமிஷத்தைத் தனியாக வைத்து ஆராயுங்கள். திரைக்கதை முதலில் அதிகாரிகளிடம் போகும். முடிந்த படமும் மறுபடி போகும். அதனால் முடிவு பல சமயம் இயக்குநரும் அதிகாரியும் சேர்ந்து எழுதியது.

'முவெர்த்தே தெ உன் சிக்லிஸ்தா'வில் காதலர்கள் கார் மோதிய தொழிலாளியைச் சாலையில் சாகவிட்டுப் போய்விடுகிறார்கள். கடைசியில் அவள், போலீஸிடம் போகத் துணிந்த காதலனை அதே இடத்தில் காரை ஏற்றிக் கொல்கிறாள். திரும்பும் வழியில் இன்னொரு சைக்கிள்காரரைத் தவிர்க்கப் போய்ப் பாலத்திலிருந்து விழுந்து சாகிறாள். கள்ளக்காதலி தண்டிக்கப்பட வேண்டும் என்பது தணிக்கையின் கட்டாயம். அந்த உத்தரவைப் பார்தெம் நிறைவேற்றிய விதத்தைப் பாருங்கள். சைக்கிள்காரர் ஒரு கணம் தயங்கி, பிறகு வெளிச்சம் தெரியும் வீட்டை நோக்கி உதவிக்குப் போகிறார். பணக்காரர்கள் செய்யாததை அவர் செய்கிறார். தண்டனை தணிக்கைக்கு; சைக்கிளின் திருப்பம் நமக்கு. படம் கான் விழாவில் சர்வதேச விமர்சகர் பரிசு வாங்கியது. அதே 1955 மே மாதம் சலமான்காவில் கூடிய திரைப்பட மாநாட்டில், ஸ்பானிய சினிமா அரசியலில் பயனற்றது, சமூக அளவில் பொய்யானது என்று தொடங்கி அடுக்கிக் குற்றம் சாட்டியவரும் இவரே. அப்படிப்பட்டவர் மெலோடிராமாவின் சட்டகத்தையே கையில் எடுத்தார் என்பதை யோசிக்க வேண்டும்.

நோட்டில் ஒவ்வொரு படத்துக்கும் மூன்று கேள்விக்குப் பதில் எழுதுங்கள்: யார் தண்டிக்கப்படுகிறார்? யார் கையால்? அந்தத் தண்டனையை நம்ப நடிகரின் முகம் சம்மதிக்கிறதா? 1977-க்குப் பிந்தைய படங்களில் இதே கேள்வி தலைகீழாகும். 'தகோனெஸ் லெஹானோஸ்'இல் கொலை செய்தவள் மகள்; சாகக் கிடக்கும் அம்மா பழியைத் தன்மேல் போட்டுக்கொள்கிறாள், மகள் தப்புகிறாள். அல்மோதோவாரின் 'வோல்வெர்' (2006) படத்தில் பிணம் உணவகத்து ஃப்ரீசருக்குள் போகிறது, சட்டம் கடைசிவரை வருவதேயில்லை. அழுகை, அம்மா, பாட்டு எல்லாம் பழையபடியே இருக்கின்றன. எடுக்கப்பட்டது தண்டனை மட்டும்.

நிறமும் பொருளும்

சுருக்கமாகவே போதும், இதைப் பற்றித்தான் எல்லோரும் எழுதுகிறார்கள். அல்மோதோவாரின் சிவப்பு என்றாலே மோகம் என்று எழுதிவிடாதீர்கள். 'வோல்வெர்'இல் சமையலறைக் காகிதம் இரத்தத்தை உறிஞ்சிச் சிவப்பாகும் ஷாட்டை எடுங்கள்: அது ஒரு பெண் தினமும் செய்யும் துடைக்கும் வேலை, இன்று துடைக்க வேண்டியது வேறு. நிறத்தைவிட, ஒரு பொருள் எத்தனை தடவை வருகிறது, ஒவ்வொரு தடவையும் யார் கையில் இருக்கிறது என்று எண்ணுங்கள். மூன்றுக்குக் குறைந்தால் விட்டுவிடலாம். அதேபோல எந்த அம்மாவைக் கண்டாலும் 'இவள்தான் ஸ்பெயின்' என்று எழுதும் ஆசையையும் அடக்க வேண்டும். பெரும்பாலான அம்மாக்கள் அம்மாக்களே.

கடைசிப் படம்

'தெ தோய் மிஸ் ஓஹோஸ்' படத்தைப் பார்க்கும்போது நோட்டின் பாட்டுப் பத்தி காலியாகவே கிடக்கும். தொலேதோ நகரம், இரவு. பிலார் மகனை எழுப்பிக் கூட்டிக்கொண்டு தன் சகோதரியைத் தேடி ஓடுகிறாள், காலில் வீட்டுச் செருப்பு. அடித்த காட்சி எதையும் நாம் பார்க்கவில்லை. அந்தச் செருப்பே போதுமானதாக இருக்கிறது. விவாகரத்துச் சட்டம் வந்து இருபத்திரண்டு வருஷம் ஆகிவிட்டது, கதவு திறந்துதான் இருக்கிறது, ஆனாலும் அவள் திரும்பிப் போகிறாள். முதல் பக்கத்துத் தேதிகளோடு இதைச் சேர்த்து வைத்துப் பாருங்கள்: இப்போது தடை எங்கே இருக்கிறது? கணவன் அந்தோனியோ கோபத்தை அடக்கக் கற்றுக்கொள்ளும் குழு வகுப்புக் காட்சிகளை ஒலி மட்டும் வைத்தும், பிலார் ஓவியங்களைப் பற்றிப் பிறருக்கு விளக்கும் காட்சியை ஒலி இல்லாமலும் ஓட்டுங்கள். முடிவில் அவள் இரண்டு தோழிகளோடு வந்து தன் சாமான்களை எடுத்துக்கொண்டு கிளம்புகிறாள். மூன்றாவது பத்தியில், யார் பார்க்கிறார் என்ற இடத்தில், ஜன்னலருகே நிற்கும் அந்தோனியோவின் பெயரை எழுதுங்கள்.